இறங்க மறுத்த செவலை

காலையில் காபி ஆறுவதற்குள் போனில் ஒரு போட்டோ வந்து விழுந்தது. மாட்டின் மூஞ்சி மட்டும். கீழே, 'மேடம், தீனி எடுக்கல, மருந்து சொல்லுங்க.' மூஞ்சியைப் பார்த்து மருந்து சொல்ல நானென்ன கிளி ஜோசியக்காரியா? 'மேட்டில் ஏற்றி இறக்கி வீடியோ அனுப்பு' என்று பதில் போட்டேன். கும்பிடு பொம்மை ஒன்று வந்தது. வீடியோ வரவில்லை.

மேடு என்றாலே எனக்குச் செவலை ஞாபகம்தான். செஞ்சிப் பக்கத்து மாட்டாஸ்பத்திரியில் டாக்டராகச் சேர்ந்த புதிது. பின்னால் ஒரு பாறைச் சரிவு. எங்கள் ஊரில் எதற்குப் பின்னால்தான் பாறை இல்லை? அந்தோணியம்மா தன் செவலைப் பசுவை இழுத்துக்கொண்டு வந்தாள். பெரிய டாக்டர் ஏற்கெனவே இரண்டு முறை ஊசி போட்டிருந்தார்.

"கிட்ட போனா ஒதைக்குது டாக்டரம்மா. திமிரு. நாளைக்கு அடிமாட்டுக்காரன் வரேன்னுட்டான்." சொல்லும்போதே கண் கலங்கிவிட்டது.

"வேற இன்னா பண்ணுது?"

"மேட்டுல நல்லாத்தான் ஏறுது. எறங்கத்தான் மொரண்டு புடிக்குது."

சரிவில் நடத்திப் பார்த்தேன். விறுவிறுவென்று ஏறியது. இறங்கும்போது முதுகை வளைத்து நின்று முனகியது. திமிர் பிடித்த மாடு முனகுமா? இறங்கினால் வயிற்றுப் பாரம் முன்னால் சரியும். அங்கே எதுவோ குத்துகிறது.

"மாடு நடக்குற அழகப் பாக்கவாம்மா படிச்சிட்டு வந்த? ஊசியப் போட்டு அனுப்பு" என்றார் பெரிய டாக்டர்.

எனக்குச் சுருக்கென்று வந்துவிட்டது. "வயித்தத் தொறக்கப் போறேன் சார். செத்துட்டா என் பேர்ல எழுதிக்குங்க."

வாய்தான் அப்படிச் சொன்னது. அதற்கு முன் நான் மாட்டு வயிறு திறந்தது ஒரே தடவை, அதுவும் வாத்தியார் பக்கத்தில் நிற்க.

வயிற்றைக் கீறிப் புளித்த தீனிக்குள் துழாவினால், விரல் நீளத்துக்குக் கட்டுக்கம்பி. அந்தோணியம்மா தலையில் அடித்துக்கொண்டாள். "தீனிக்கு வெச்ச கடலக்கொடியக் கட்ட கயிறு பத்தலன்னு நாந்தானே இந்தக் கம்பியச் சுத்துனேன்! வலியில ஒதைச்சதப் போயி திமிருன்னனே!"

அடிமாட்டுக்காரன் வெறுங்கையோடு திரும்பினான். தையல் பிரிக்க வந்த அன்று செவலை அந்தச் சரிவில் தானாகவே இறங்கியது. பெரிய டாக்டர் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சரிவு இப்போது இல்லை. உடைத்துச் சிமெண்ட் போட்டுவிட்டார்கள். மாடுகள் குட்டியானை வண்டியில் வருகின்றன, வண்டியிலேயே ஊசி போடச் சொல்கிறார்கள். மாட்டேன். பலகை போட்டு இறக்கச் சொல்வேன். பிடிவாதக்காரி என்று பேசிக்கொள்கிறார்கள், பேசட்டுமே. எனக்கு மிச்சமிருக்கிற சரிவு அந்தப் பலகை ஒன்றுதான். அதில் மாடு இறங்குவதைப் பார்க்காமல் ஊசியைத் தொடமாட்டேன்.