பரீசாவுக்குப் பூ வைத்த நாள்

ஒரு நடிகையின் தொழிலை அழித்தவள் நான். ஆம், நானேதான்! இத்தனை காலமும் அந்தப் பழியை வேறொருவர் சுமக்க விட்டிருக்கிறேன்.

பரீசா ஈரானியத் திரைப்படங்களில் நடித்தவள். நோபல் பார்க் என்ற எங்கள் புறநகரில், என் பக்கத்து வீட்டில் இருந்த தன் தங்கையிடம் ஒரு மாத விடுமுறைக்கு வந்திருந்தாள். எவராவது படமெடுத்துவிடுவார்களோ என்ற பயத்தில் இங்கேயும் தலையை மூடியே திரிந்தாள்.

அந்த மாதம்தான் என் மகள் பெரியபிள்ளையானதற்கான சாமத்தியச் சடங்கு. நானே பரீசாவுக்குச் சேலை உடுத்தி, முக்காட்டை அகற்றி, பின்னலிட்டு மல்லிகைச் சரம் சூட்டினேன். முடி தெரிய ஒரு படம் வெளியே போனாலும் இனி நடிக்க விடமாட்டார்கள் என்றாள். ஒருவரும் எடுக்கமாட்டார்கள் என்று என் மகளின் தலைமேல் சத்தியம் செய்தேன். வீடியோக்காரரிடமும் அப்படியே சொல்லிவைத்தேன்.

பிறகு என் மச்சாள் வந்தாள். "நடிகையோ? உன்ர வீட்டுக்கோ?" என்று சிரித்தாள்.

அந்தச் சிரிப்பு எனக்குப் பொறுக்கவில்லை... நேரே வீடியோக்காரரிடம் போனேன்.

"அண்ணை, அவ ஆலாத்தி எடுக்கேக்க வடிவா எடுங்கோ. கேட்டா நான் கதைக்கிறன்."

அந்த வீடியோவைத் தன் இணையப் பக்கத்தில் போடலாமா என்று அவர் பின்னர் கேட்டபோதும் ஓம் என்றேன். நீங்கள் என்றால் என்ன செய்திருப்பீர்கள்? வேண்டாம், என் வெட்கத்தை உங்கள் தலையில் கட்டப் பார்க்கிறேன்!

இரண்டு கிழமைக்குள் ஈரானில் பாதி எடுத்த படத்திலிருந்து அவளை நீக்கிவிட்டார்கள். திரும்பி வராதே என்று தாயே அழுதாராம். வீடியோக்காரர் கேளாமல் எடுத்துப் போட்டுவிட்டார் என்று நான் சொன்னேன். அவள் நம்பினாள். டாண்டினோங்கில் மரக்கறி பொதிசெய்யும் தொழிற்சாலையில் என்னோடு வேலைக்கும் சேர்த்துவிட்டேன். அதற்காக இன்றும் நன்றி சொல்கிறாள். என் மகளுக்குக் காய்ச்சல் வந்தாலே எனக்கு நெஞ்சு பதறுகிறது.

போன சனிக்கிழமை தமிழ்க் கடையில் வீடியோக்காரர் எதிர்ப்பட்டார். பரீசா அவர் முன்னே போய், தன்னிடம் ஏன் ஒரு வார்த்தை கேட்கவில்லை என்று ஆங்கிலத்தில் கேட்டாள். அவர் என்னைப் பார்த்தார். நான் கறித்தூள் பைக்கற்றைப் பார்த்தேன்.

"சொறி, மை மிஸ்ரேக்" என்றார் அவர்.

ஏன் அப்படிச் சொன்னார்? என்மேல் இரக்கமா, அருவருப்பா... தெரியவில்லை. பரீசா அவர் கையைப் பிடித்து, மன்னித்துவிட்டேன் என்றாள்.

காரில் ஏறியதும் எனக்கு அழுகை வந்துவிட்டது. தனக்காகத்தான் அழுகிறேன் என்று நினைத்து, வீடு வரும்வரை என் முதுகைத் தடவிக்கொண்டே வந்தாள்.