மல்லிகைக்கு அடியில் வெற்றிலை

பெருமாநல்லூரில் நாங்கள் குடியிருக்கிறோம். என் வீட்டுக்காரர் கட்டிங் மாஸ்டர். வேலை அவருடைய அக்காவின் பனியன் கம்பெனியில். அந்த அக்கா ஒரு நாள் காலையில் போன் செய்தார்.

"எங்கூட்டு டிவி ரிப்பேருங்க. அந்த மராட்டிய ராஜா சீரியல் இன்னைக்குத்தான் ஆரம்பிக்குது. சாயங்காலம் உங்கூட்டுக்கு வந்து பாத்துக்கறனுங்க."

அவர் வீட்டில் அறைக்கு ஒரு டிவி. அத்தனையுமா ஒரே நாளில் படுத்துக்கொள்ளும்? எனக்கு அப்போதே உறைத்திருக்க வேண்டும்.

மகனையும் கூட்டிக்கொண்டு வந்தார். கையில் ஒரு தட்டு நிறையப் பழம், மேலே பந்து மல்லிகை. வெறுங்கையோடு வரக்கூடாதென்று கொண்டுவந்திருக்கிறார் என நினைத்து, இரண்டு கையாலும் வாங்கிச் சாமி படத்தின் முன்னால் வைத்தேன். ப்ளஸ் டூ படிக்கும் என் மகள் அதிலிருந்து ஒரு வாழைப்பழத்தை எடுத்து உரித்துக்கொண்டே டிவி முன் உட்கார்ந்தாள்.

மலைக்கோட்டை, காவிக்கொடி, குதிரைப் புழுதி. பெரிய மூக்குத்தி போட்ட ராணியின் உதடு ஒரு பக்கம் போக, தமிழ் வசனம் இன்னொரு பக்கம் போனது. பால்பல் விழாத இளவரசனுக்குப் பாவாடை தடுக்கி விழும் ஒரு சிறுமியைப் பேசி முடித்தார்கள். பூ மழை கொட்டியது. அந்தக் குழந்தைக்கோ தூக்கம் சொக்கியது. இந்த அநியாயத்துக்கு வயலின் ஒரு கேடு!

"பாருங்க, அந்தக் காலத்துல சின்ன வயசுலயே எவ்வளவு நேரமா முடிச்சிருக்கறாங்க," என்றார் அக்கா. "நம்மளுதும் உறுதியாயிருச்சு. புள்ளைக்குப் பரிச்சை முடிஞ்சதும் முகூர்த்தம் வெச்சுக்கலாமுங்க."

"என்னங்க உறுதி?"

"தட்டு வாங்கிட்டீங்களேங்க."

எழுந்து போய்ப் பூவைத் தூக்கிப் பார்த்தேன். அடியில் வெற்றிலை, பாக்கு, மஞ்சள். பெண் வீட்டார் அதைக் கைநீட்டி வாங்கிவிட்டால் சம்மதம் என்றுதான் எங்கள் பக்கம் அர்த்தம். மாப்பிள்ளையாகப்பட்டவன் தலை நிமிராமல் போனை நோண்டிக்கொண்டிருந்தான்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தட்டைக் கொண்டுபோய் அவர் மடியில் வைத்தேன். "பூவுக்கடியில ஒளிச்சுக் கொண்டாந்து குடுக்க இதென்னங்க திருட்டுச் சாமானா? அவ காலேஜுக்குப் போகோணுங்க."

"தம்பி, கேட்டயா இதை?" என்றார் அக்கா.

தம்பியான என் வீட்டுக்காரர் டிவியை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "பழத்தைப் புள்ள தின்னுட்டாளே," என்று முனகினார். ஒரு வாழைப்பழத்துக்குப் பெண்ணையே எழுதிக் கொடுக்கிற மனுஷன்! அக்காவிடம் சம்பளம் வாங்குகிறார்தான். அதற்காகப் பெற்ற மகளிடம்கூட ஒரு வார்த்தை கேட்க வேண்டாமா? இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு ஆத்திரம் அடங்குவதில்லை.

மகள் எழுந்து சமையலறைக்குப் போனாள். அழப்போகிறாள் என்று நினைத்தேன். எங்கள் சீப்பிலிருந்து ஒரு பழத்தைப் பிய்த்துக்கொண்டு வந்து, அத்தை மடியிலிருந்த தட்டில் வைத்தாள்.

"இப்ப எதுவும் கொறையில்லீங்க அத்தை. எடுத்துட்டுப் போங்க."