என் மகள் சொன்னதும் சொல்லாததும்

தங்கை மறைந்து இந்த ஆடியோடு ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் நீங்கள் எல்லோரும் தங்கையை அறிந்தவர்கள். ஆனால் அவருக்கு நேர்ந்தது முழுவதும் உங்களுக்குத் தெரியாது. தெரியாமல் பார்த்துக்கொண்டவன் நான். அதனால் நடந்ததை வரிசையாக எழுதுகிறேன். 1978 முதல் நாட்குறிப்பு எழுதி வருவதால் ஆண்டுகளில் பிழை இருக்காது. உயிரோடு இருந்தவரை தங்கையை "வா, போ" என்றுதான் கூப்பிட்டேன். அச்சிலாவது மரியாதையோடு எழுத விரும்புகிறேன்.

தங்கை 1966இல் கீழ்பென்னாத்தூருக்குப் பக்கத்தில் உள்ள எங்கள் ஊரில் பிறந்தார். எனக்கு எட்டு வயது இளையவர். பத்தாம் வகுப்பு வரை படித்தார். பதினான்காம் வயதில், மல்லாட்டை (வேர்க்கடலை) பிடுங்கிக்கொண்டிருந்த நிலத்தில் முதல் முறையாக வலிப்பு வந்து விழுந்தார். உடனிருந்த கூலியாட்களிடம் வெயில் மயக்கம் என்று சொன்னோம். அன்று தொடங்கி அது வீட்டுக்கு உள்ளேயே இருக்க வேண்டிய செய்தி ஆனது.

பெற்றோர் அடுத்தடுத்துக் காலமான பின் தங்கை எங்களோடு இருந்தார். 1989இல் மாவட்டம் பிரிந்தபோது எனக்குத் திருவண்ணாமலை அலுவலகத்துக்கு மாற்றல் வந்தது. செங்கம் சாலையிலிருந்து உள்ளே போகும் ஒரு தெருவில் நான், என் மனைவி, நான்கு வயது மகள், தங்கை என நால்வரும் வாடகைக்குக் குடி வந்தோம். வேலூர் மருத்துவர் ஒருவர் கொடுத்த மாத்திரையால் வலிப்பு ஆண்டுக்கு இரண்டு மூன்று முறை என்று குறைந்திருந்தது.

வலிப்பு வந்தவர் கையில் இரும்புச் சாவியைத் திணிக்கும் பழக்கம் எங்கள் வீட்டில் இருந்தது. பயன் இல்லை என்று மருத்துவர் சொன்ன பிறகும் நாங்கள் விடவில்லை. என் மனைவி பயந்து ஒதுங்கிவிடுவாள். ஒரு முறை மகளே ஓடிப் போய்ப் பீரோ சாவியை எடுத்து வந்து அத்தையின் உள்ளங்கையில் வைத்தாள். அப்போது அவளுக்கு ஐந்து வயது. எல்லோரும் அவளைப் பாராட்டினோம். அதன் பிறகு அது அவளுடைய வேலை ஆயிற்று.

1991இல் போளூரிலிருந்து பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளை சொந்தமாக மாவு மில் வைத்திருந்தார். நல்ல குடும்பம். வலிப்பைப் பற்றி அவர்களிடம் சொல்ல வேண்டாம், கல்யாணம் ஆனால் தானாகச் சரியாகிவிடும் என்று தரகர் சொன்னார். முதலிலேயே சொல்லிவிடலாம் என்று தங்கை என்னிடம் இரண்டு முறை சொன்னார். நான் தரகர் பேச்சைக் கேட்டேன்.

காபி கொடுத்த பிறகு மாப்பிள்ளையின் அக்கா என் மகளை மடியில் உட்கார வைத்துக்கொண்டு, உங்க அத்தை உன்னை நல்லா பாத்துப்பாங்களா என்று கேட்டார். சாதாரணமான கேள்வி.

"நான்தான் அத்தைய பாத்துப்பேன்" என்றாள் என் மகள். "அத்தைக்கு வலிப்பு வந்தா சாவி எடுத்தாந்து கையில வெக்கறது நான்தான். அம்மா பயப்படுவாங்க. நான் பயப்பட மாட்டேன்."

மாப்பிள்ளையின் அக்கா டம்ளரைக் கீழே வைத்தார். அவர் கோபப்படவில்லை. என்னைப் பார்த்து, "கெட்டிக்காரப் பொண்ணு. நீங்க சொல்லாதத இது சொல்லிடுச்சி பாருங்கண்ணா" என்று மட்டும் சொன்னார்.

அவர்கள் போன பிறகு நான் செய்ததை எழுதியாக வேண்டும். பள்ளிக்கூடம் கிளம்பும் பிள்ளையிடம் தினமும் பொய் சொல்லக்கூடாது என்று சொல்லி அனுப்பியவன் நான். அன்று அவளைச் சுவரோரம் நிற்க வைத்து, "வூட்ல நடக்கறத இன்னொரு வாட்டி வெளிய சொன்னா நாக்குல சூடு வெச்சிடுவேன்" என்றேன்.

"நான் பொய் சொல்லலியேப்பா" என்றாள்.

நான் கையை ஓங்கினேன். என் மனைவி அவளை இழுத்துக்கொண்டு உள்ளே போனாள். அன்றைய நாட்குறிப்பில் இருப்பது இவ்வளவுதான்: "போளூர்க்காரர்கள் வந்தார்கள். அமையவில்லை."

தங்கை பதினொரு நாள் குழந்தையோடு பேசவில்லை. தங்கையை நல்லவர் என்று எழுதும் இந்த மலரில் இதுவும் இருக்கட்டும். அந்தப் பதினொரு நாளும் மகள் அத்தை இருக்கும் அறையின் வாசல்வரை போய் நின்றுவிட்டுத் திரும்பி வந்தாள். பன்னிரண்டாம் நாள் தங்கையே அவளைக் கூப்பிட்டுத் தலை பின்னிவிட்டார். பின்னும்போது சொன்னதை என் மனைவி கேட்டிருக்கிறாள்: "நீ சொன்னது பொய்யில்ல பாப்பா. உங்கப்பாதான் முன்னாடியே சொல்லியிருக்கணும். எனக்கு உம்மேல கோவம் வந்தது நெஜம். இப்ப இல்ல." மனைவி இதை என்னிடம் சொன்னபோது, தங்கை பெருந்தன்மையானவர் என்று நினைத்தேனே தவிர, நான் பேச வேண்டியதை அவர் பேசியிருக்கிறார் என்று தோன்றவில்லை.

அந்த ஆண்டு மகளிடம் ஒரு மாற்றம் வந்தது. யார் எது கேட்டாலும் என் முகத்தைப் பார்த்து, "சொல்லலாமாப்பா?" என்று கேட்ட பிறகே பதில் சொல்வாள். பேருந்தில் கண்டக்டர் வயது கேட்டாலும் அப்படித்தான். பள்ளியில் உன் பெயர் என்ன என்று புதிதாக வந்த டீச்சர் கேட்டபோது நான் அங்கே இல்லாததால் பேசாமலே நின்றிருக்கிறாள். ஏழு வயதில் மறுபடியும் படுக்கையை நனைத்தாள். உறவினர்கள் சிரித்தார்கள். ஒரு கல்யாண வீட்டில் பெரியம்மா முறை உள்ள ஒருவர், "இவளாண்ட ஜாக்கிரதையா பேசுங்கடி, அத்தைக்கு வந்த மாப்பிள்ளைய ஓட்டி வுட்டவ" என்றார். அவரும் இதைப் படிப்பார். பெயரைத் தவிர்த்திருக்கிறேன், ஏனென்றால் அப்போது நானும் சேர்ந்து சிரித்தேன். 1992 நாட்குறிப்பில் ஓரிடத்தில், "பிள்ளைக்கு அடக்கம் வந்திருக்கிறது" என்று மனநிறைவோடு எழுதியிருக்கிறேன். என் கையெழுத்துதான்.

ஆறு வயதுப் பிள்ளை உதவியாக இருந்ததைப் பெருமையாகச் சொன்னாள். உண்மை பேசு என்ற பாடத்தை அவள் எங்களிடம்தான் கற்றாள். எது உண்மை என்று பார்க்க வேண்டாம், அப்பாவின் முகத்தைப் பார்த்தால் போதும் என்பதையும் எங்களிடம்தான் கற்றாள். இரண்டாவது பாடத்தை ஒரே மாலையில் நடத்தி முடித்துவிட்டேன்.

1992இல் தங்கை ஒரு பால்வாடியில் ஆயம்மாவாகச் சேர்ந்தார். அங்கேயும் வலிப்பைச் சொல்லவில்லை. அடுப்பும் கொதிக்கும் உலையும் இருக்கும் இடத்தில் சேர்த்துக்கொள்ள மாட்டார்கள் என்று நான்தான் சொல்ல வேண்டாம் என்றேன். இரண்டு வயது, மூன்று வயதுப் பிள்ளைகள் அவரை "ஆயம்மா" என்று கூப்பிட்டபோது தங்கைக்கு வயது இருபத்தாறு. அதன் பிறகு வந்த ஒன்றிரண்டு வரன்களையும் அவரே வேண்டாம் என்றார்.

ஒரு நாள் குடை கொடுக்கப் போனபோது அங்கே பார்த்தேன். ஒரு தட்டுக்காக இரண்டு பிள்ளைகள் அடித்துக்கொண்டு அழுதன. யார் முதலில் அடித்தது என்று டீச்சர் அதட்டினார். தங்கை டீச்சரிடம், "அத கேட்டா ரெண்டும் பொய் சொல்லக் கத்துக்கும் டீச்சர். யாருக்கு வலிக்குதுன்னு கேளுங்க" என்றார். பிறகு பிள்ளைகளுக்கு நடுவில் உட்கார்ந்து அதையே கேட்டார். ஒன்று காதைக் காட்டியது. இன்னொன்று சற்று யோசித்து, அதுவும் அந்தப் பிள்ளையின் காதையே காட்டியது.

வீட்டிலும் அப்படித்தான். என் மகள் "சொல்லலாமா அத்தை?" என்று கேட்டால், "எனக்குத் தெரியல, நீயே யோசி" என்பார். நான்கைந்து ஆண்டுகளில் அவள் அப்படிக் கேட்பதை விட்டாள். படுக்கை நனைவதும் நின்றது. ஆனால் என் முகத்தைப் பார்ப்பது மட்டும் நிற்கவில்லை. பேச்செல்லாம் அத்தையிடம்தான். என்னிடம் மதிப்பெண் பட்டியலை நீட்டுவாள், கையெழுத்து வாங்கிக்கொண்டு போவாள்.

2002இல் மாத்திரை தங்கைக்கு அதிகத் தூக்கம் கொடுத்தது. பால்வாடியில் ஒரு மதியம் கண் அசந்துவிட்டார். அந்த நேரத்தில் ஒரு பிள்ளை கதவைத் திறந்து தெருவுக்குப் போய்விட்டது. யாரோ தூக்கி வந்து விட்டார்கள், ஒன்றும் ஆகவில்லை. ஆனால் தங்கை அதிர்ந்துபோனார். யாரிடமும் கேட்காமல் மாத்திரையைப் பாதியாகக் குறைத்துக்கொண்டார். அந்த மார்கழியில் வலிப்பு திரும்ப வந்தது. வீட்டில் அப்போது மகள் மட்டும் இருந்தாள். தெளிந்ததும் தங்கை அவளிடம், "அப்பாகிட்ட சொல்லாத பாப்பா. தெரிஞ்சா வேலைக்கு அனுப்ப மாட்டாரு. அந்தப் புள்ளைங்க இல்லன்னா நான் என்னா பண்ணுவேன்?" என்றிருக்கிறார். பிள்ளைகளை அவ்வளவு அறிந்த தங்கை இதை ஒரு பிள்ளையின் தலையில் வைத்திருக்க வேண்டாம். ஆனால் எங்கள் வீட்டில் பயம் இல்லாமல் எதையும் சொல்லக்கூடிய ஆள் அவருக்கும் வேறு யாரும் இல்லை.

அதன் பிறகு மூன்று முறை வலிப்பு வந்திருக்கிறது. எனக்கும் என் மனைவிக்கும் தெரியாது.

2003 ஆடி மாதம் ஒரு காலை, மகள் கல்லூரிக்குப் போன பிறகு, வீட்டுக்குப் பின்னால் துணி துவைக்கும் கல்லின் மேல் தங்கை விழுந்து கிடந்ததை என் மனைவி பார்த்தாள். தலையில் அடி. மருத்துவமனையில் மூன்றாம் நாள் உயிர் பிரிந்தது. முப்பத்தேழு வயது.

காரியத்துக்கு வந்தவர்கள் என் மகளைச் சூழ்ந்துகொண்டு, கூடவே இருந்தியே, உனக்கு ஒண்ணும் தெரியாதா என்று கேட்டார்கள். "தெரியாது" என்றாள். சொல்லும்போது என் முகத்தைப் பார்த்தாள். நான் அதைக் கவனித்தேன். என்னவென்று கேட்கவில்லை.

இந்தத் தைப் பொங்கலுக்கு மறுநாள், தங்கையின் புடவைகளைப் பால்வாடிப் பெண்களுக்குக் கொடுப்பதற்காக மடித்துக்கொண்டிருந்தோம். மகள் ஒரு புடவையைக் கையில் வைத்துக்கொண்டே எல்லாவற்றையும் சொன்னாள். எந்தெந்த மாதம், எந்த இடத்தில் என்பதுவரை சொன்னாள். நான் கேட்டது, கேட்கவே கூடாத கேள்வி: ஏம்மா அப்பவே சொல்லல?

"ஒரு வாட்டி சொன்னேன். அத்தை கல்யாணம் நின்னுச்சி. இன்னொரு வாட்டி சொல்லி வேலையும் போயிடக்கூடாதுன்னு இருந்தேன்பா" என்றாள். பிறகு, "நான் சொல்லியிருந்தா இருந்திருப்பாங்கல்ல?" என்று கேட்டாள்.

இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். அவளிடம் இன்னொரு பொய்யா என்று நிறுத்திக்கொண்டேன். "தெரியலம்மா. இருந்திருக்கலாம். ஆனா உன் வாய அடைச்சது நான்" என்றேன். அவள் அழவில்லை. புடவையை மடித்து முடித்தாள்.

கல்யாணம் நின்றதற்கு அவள் காரணம் என்று பதின்மூன்று ஆண்டுகளாகப் பேசியவர்கள் உண்டு. இனி தங்கையின் சாவுக்கும் அவள் காரணம் என்று பேச வேண்டாம். மறைத்தது அண்ணனாகிய நான். கல்யாணத்துக்காக மறைத்தேன், வேலைக்காக மறைக்கச் சொன்னேன், உண்மை சொன்ன குழந்தையை மிரட்டினேன்.

தங்கை விழுந்த அன்று அவரைத் தன் ஆட்டோவில் தூக்கிப் போட்டுக்கொண்டு ஓடிய பக்கத்து வீட்டுப் பாய்க்கும், மூன்று நாளும் மருத்துவமனையில் என் மனைவிக்குச் சோறு கொண்டுவந்த அவர் வீட்டு அம்மாவுக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. ஆயம்மா எங்கே என்று கேட்ட பிள்ளைகளை அழைத்துக்கொண்டு பதினாறாம் நாள் வந்து உட்கார்ந்திருந்த பால்வாடித் தாய்மார்களுக்கும், டீச்சருக்கும், ஊரிலிருந்து வேன் வைத்து வந்த பங்காளிகளுக்கும் நன்றி.

அச்சுக்குக் கொடுக்கும் முன் இதை மகளிடம் படிக்கக் கொடுத்தேன். எல்லாரும் படிப்பாங்களா என்று கேட்டாள். படிப்பார்கள் என்றேன். வேண்டாம் என்றால் கிழித்துவிடுகிறேன் என்றும் சொன்னேன். தாளை இன்னொரு முறை படித்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை. "தெரியாதுன்னு அன்னைக்கு சொன்னது பொய், எனக்குத் தெரியும்னு நானே சொன்னதா போடுங்க" என்றாள். போட்டிருக்கிறேன்.

நினைவு நாளன்று வீட்டுக்கு வருகிறவர்கள் அவளிடம் கேட்டால் அவள் சொல்வாள். மெதுவாகத்தான் சொல்வாள். குறுக்கே பேசாமல், அவள் முடிக்கும்வரை உட்கார்ந்து கேளுங்கள். அவளுக்கு ஆறு வயதானபோது நான் அதைச் செய்யவில்லை.