நான் வெட்டிய பதினைந்து மீட்டர்

இருபத்திரண்டு ஆண்டுகள் சென்னைக் கல்லூரி ஒன்றில் நிதி மேலாண்மை கற்பித்துவிட்டு, ஐம்பதாவது வயதில் அரசின் நிதிப் பிரிவு ஒன்றில் ஆலோசகராகச் சேர்ந்தேன். மூன்று வருட ஒப்பந்தம். என் அக்கா பழவேற்காடு ஏரிக்குள் ஒரு தீவுக் கிராமத்தில் வாழ்க்கைப்பட்டவள். அவளுக்கு என் புது வேலையை இரண்டு முறை விளக்கினேன். மூன்றாவது முறை அவளே சுருக்கிக்கொண்டாள்.

"யாராச்சும் துட்டு கேட்டா, இன்னாத்துக்குக் கேக்கறேன்னு கேக்கற வேலை. அதானே?"

அதைவிடச் சரியான விளக்கத்தை நான் எந்தப் பணி விதியிலும் படித்ததில்லை.

வகுப்பில் மாணவர்கள் கேட்பார்கள், நான் பதில் சொல்ல வேண்டும். இங்கே நான் கேட்டால் போதும், பதில் சொல்வது மற்றவர்கள் பாடு. கேள்வி எழுதாமல் ஒரு கோப்பை அனுப்பினால் அதைப் படிக்கவில்லை என்று அர்த்தமாகிவிடும் என்பது முதல் வாரத்திலேயே தெரிந்தது. எனவே எல்லாக் கோப்பிலும் கேட்டேன். ஆறே மாதத்தில் 'அந்தம்மா விவரமானவங்க' என்ற பெயர் கிடைத்தது. கல்லூரியில் இருபத்திரண்டு வருடம் பதில் சொல்லியும் கிடைக்காத பெயர்.

இரண்டாம் வருடம் அக்காவின் தீவைப் பற்றியே ஒரு கோப்பு என் மேசைக்கு வந்தது. கரையிலிருந்து தண்ணீருக்குள் நாற்பது மீட்டர் நீளத்துக்கு ஒரு படகுத்துறை கட்ட வேண்டும் என்று கேட்டிருந்தார்கள். அந்த ஊர்ப் பெண்கள் மீன் நிறைந்த அன்னக்கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு, சேற்றில் நடந்து போய்ப் படகேறித்தான் பழவேற்காட்டுக்கு விற்கப் போகிறார்கள். என் அக்காவும் அப்படித்தான். இது கோப்பைப் படிக்காமலே எனக்குத் தெரியும். இருந்தாலும் வழக்கம் விடவில்லை. ஏரியின் சராசரி ஆழத்தைப் பார்த்தால் இருபத்தைந்து மீட்டரே போதும் போலிருக்கிறதே, நாற்பது எதற்கு என்று எழுதித் திருப்பி அனுப்பினேன்.

பதில் பத்து நாளில் வந்தது. எழுதியவர் அந்தத் திட்டத்தின் கணக்கு அலுவலர், என் பழைய மாணவர். கோடையில் ஏரித் தண்ணீர் வெகுவாக இறங்கிவிடும், அப்போது நாற்பது மீட்டர் உள்ளே போனால்தான் படகு மிதக்கும் என்று விளக்கிவிட்டு, கடைசியில் ஒரு வரி சேர்த்திருந்தார். சராசரியை மட்டும் பார்ப்பவர் ஆபத்தைப் பார்ப்பதில்லை என்று தாங்களே எங்களுக்கு வகுப்பில் கற்பித்திருக்கிறீர்கள்.

மரியாதையாகத்தான் எழுதியிருந்தார். அவர் சொன்னது சரி என்பதும் படித்த கணமே தெரிந்தது. ஆனால் அந்தக் கோப்பு என் மேசைக்கு வருமுன் நான்கு பேர் அதைப் படித்திருந்தார்கள், நான்கு பேரும் சிரித்திருப்பார்கள் என்று தோன்றியது. காது சூடாகிவிட்டது. 'விளக்கம் ஏற்கத்தக்கதல்ல. நீளத்தை இருபத்தைந்து மீட்டராகக் குறைத்து மீண்டும் சமர்ப்பிக்கவும்' என்று எழுதிக் கையெழுத்திட்டேன்.

குறைத்துச் சமர்ப்பித்தார்கள். அதற்குள் என் மேலதிகாரிக்கு அக்கா விஷயம் எப்படியோ தெரிந்துவிட்டது. உறவினர் ஊர்க் கோப்பைத் தொட்டால் நாளை யாராவது கேட்பார்கள், ஒதுங்கிக்கொள்ளுங்கள் என்றார். ஒதுங்கினேன். கோப்பு பக்கத்து அறை அதிகாரிக்குப் போனது. அவர் ஒரே வாரத்தில் ஒப்புதல் கொடுத்தார். கேட்க வேண்டியதையெல்லாம் நீங்களே கேட்டுவிட்டீர்களே, இனி நான் கேட்க என்ன இருக்கிறது என்றார்.

தை மாதம் படகுத்துறையைத் திறந்தார்கள். மழைக்காலம் முடிந்து ஏரி நிறைந்து கிடந்ததால் படகுகள் அழகாக வந்து அணைந்தன. கரையில் ஒரு பேனர். அதில் கல்லூரி அடையாள அட்டையிலிருந்து பெரிதாக்கிய என் முகம். நிதிப் பிரிவில் இருக்கும் நான்தான் துறையை வாங்கிக் கொடுத்தேன் என்று நம்பி எனக்கு மாலை போட்டார்கள். இதற்கு ஒப்புதல் கொடுத்தது நான் இல்லை என்று மைக்கில் உண்மையைச் சொன்னேன். கைதட்டினார்கள். படித்தவர்களுக்கு அடக்கம் அதிகம் என்று பக்கத்தில் ஒரு பெரியவர் இன்னொருவரிடம் சொன்னார்.

வைகாசியில் அக்கா மகளின் நிச்சயதார்த்தத்துக்குப் போனேன். படகு துறையை நெருங்கும் முன்பே தரை தட்டி நின்றது. படகுக்காரர் எஞ்சினை அணைத்தார்.

"எறங்கும்மா. இதுக்கு மேல போவாது."

கண்ணெதிரே என் படகுத்துறை சேற்றின் மேல் நின்றுகொண்டிருந்தது. பட்டுப்புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இறங்கினேன். முழங்கால் வரை சேறு. எனக்கு முன்னால் இரண்டு பெண்கள் காலிக் கூடைகளோடு நடந்தபடியே, அளவைக் குறைத்துத் துட்டைத் தின்ற காண்ட்ராக்டரின் வம்சத்தைத் திட்டிக்கொண்டு போனார்கள். அந்த மனிதர் சொன்ன அளவுக்குச் சரியாகக் கட்டியவர். நான் அவர்கள் பின்னாலேயே நடந்தேன்.

அக்கா வாசலில் தண்ணீர் ஊற்றினாள். காலைக் கழுவிக்கொண்டே, நீளத்தைக் குறைத்தது நான்தான் என்று சொன்னேன். அவள் ஊற்றுவதை நிறுத்தினாள்.

"ஏன்டி?"

"அந்த மாணவர் எனக்கே பாடம் எடுத்துட்டாருன்னு கோவம்."

மீன்பிடித்து எங்களை வளர்த்த அப்பாவை அக்கா நினைவுபடுத்தினாள். "நைனாக்கும் இப்படித்தான் கோவம் வரும். வலையை எடுத்து அறுத்துப் போட்டுடும். ஆனா அது அறுத்தது அதோட வலைய." மீதித் தண்ணீரை ஊற்றிவிட்டு உள்ளே போனாள். அன்று முழுக்க என்னோடு பேசவில்லை.

மறுநாள் ஊர்த் தலைவரிடம் போய்ச் சொன்னேன். காண்ட்ராக்டர் மேல் தப்பில்லை, குறைக்கச் சொன்னது நான் என்றேன். அவர் பொறுமையாகக் கேட்டார். என் மனம் பெரியது என்றும், அதற்காக ஒரு திருடனின் பழியை நான் சுமக்க வேண்டியதில்லை என்றும் ஆறுதல் சொல்லி, டீ வாங்கிக் கொடுத்து அனுப்பினார்.

பேச்சில் எடுபடாததைக் காகிதத்தில் எழுதலாம் என்று, அலுவலகம் திரும்பியதும் நீளத்தைக் குறைத்தது என் தவறான முடிவு என்று ஒரு குறிப்பு எழுதி, மேலே அனுப்பக் கொடுத்தேன். பக்கத்து அறை அதிகாரி பதறிவிட்டார். தவறு என்று யாரும் எழுதுவதில்லை மேடம், 'மறுபரிசீலனைக்குரியது' என்று எழுதுவோம் என்றார். நான் மாற்றவில்லை. தட்டச்சு செய்யும்போது மாற்றிவிட்டார்கள்.

பழைய மாணவரையும் தொலைபேசியில் அழைத்து மன்னிப்புக் கேட்டேன். "நான் அந்த வரியை எழுதியிருக்கக் கூடாது மேடம்" என்றார். எழுதியதுதான் சரி என்று அவரை நம்பவைக்க எனக்குக் கால் மணி நேரம் ஆயிற்று. வெட்டிய பதினைந்து மீட்டரையும் நீட்டித்துத் தரும்படி அவர் புதிய கோப்பு தயாரித்தார். அது வந்து சேரும்போது என் ஒப்பந்தம் முடிந்து நான் கல்லூரிக்குத் திரும்பிவிட்டேன். என் இடத்துக்கு வந்தவர், முதலில் உரிய ஆய்வுக்குப் பிறகே நீளம் முடிவானதால் இப்போது ஏன் நீட்டிக்க வேண்டும் என்று கேட்டிருந்தார். அந்தக் கேள்விக்கு மாணவரும் நானும் இரண்டு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து பதில் எழுதினோம். பத்து மீட்டர் கிடைத்தது.

போன கோடையில் அக்கா தானாகவே போன் செய்தாள். இப்போதெல்லாம் படகிலிருந்து இறங்கினால் சேறு கணுக்கால் வரைக்கும்தான் என்றாள். அந்தப் பத்து மீட்டரும் நான் வாங்கிக் கொடுத்ததுதான் என்று ஊரில் பேசிக்கொள்கிறார்களாம்.

"நீ இன்னா சொன்ன?" என்று கேட்டேன்.

"ஒண்ணும் சொல்லல. இன்னும் அஞ்சு மீட்டர் பாக்கி கீது. அது வந்தப்புறம் பாத்துக்கலாம்" என்றாள்.