தையல்காரரின் அளவுப் புத்தகம்

எங்கள் தெருத் தையல்காரர் சொன்ன தேதியில் துணி கொடுத்ததாகச் சரித்திரம் இல்லை. அப்படிப்பட்டவர்தான், வீட்டைச் சொன்ன தேதியில் கொடுக்கவில்லை என்று கட்டுமான நிறுவனத்தின் மேல் நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டார்.

வீடு இரண்டு வருஷம் முன்பே தயார், இவர்தான் சாவி வாங்க வரவில்லை என்றது நிறுவனம். தையல்காரர் தன் அளவுப் புத்தகத்தை நீட்டினார். திரைச்சீலைக்கு ஜன்னல் அளக்க மாதந்தோறும் போய், தேதி போட்டு எழுதியிருந்தார்: ‘சுவரே இல்லை.’ போன மாதம்கூட, ‘சுவர் உண்டு, ஜன்னல் இல்லை.’

நிறுவனத்தின் வக்கீல் மற்ற பக்கங்களைப் புரட்டி முகம் மலர்ந்தார். “ஒவ்வொரு சட்டைக்கும் மூணு தடவை தேதி மாத்தியிருக்கீங்க! நீங்க தாமதத்தைப் பத்திப் பேசலாமா?”

“தாராளமா பேசுவேங்க. நான் சட்டையைக் கையில குடுத்துட்டுதான் காசு வாங்குவேன். நீங்க முழுக் காசையும் வாங்கிட்டு ஒரு ஜன்னலைக்கூடக் காட்டலையே!”

விசாரித்த அதிகாரி சிரிப்பை அடக்க இருமினார். தாமதமான ஒவ்வொரு மாதத்துக்கும் வட்டி கொடுக்கச் சொல்லி உத்தரவும் போட்டார்.

சாவி வாங்கிக் குடிபோய் ஆறு மாதம் ஆகிறது. ஜன்னல்களில் இன்னும் பழைய செய்தித்தாள்தான்.

“என்னங்க, திரை எப்ப?” என்று மனைவி கேட்டால், “நாளைக்கு” என்கிறார்.

“அப்ப எனக்கும் மாசாமாசம் வட்டி உண்டு” என்று சொல்லி, அந்த அம்மாள் படுக்கையறை ஜன்னலில் செய்தித்தாளைக் கிழித்துவிட்டு, உத்தரவின் நகலை ஒட்டியிருக்கிறார்.