விஸ்வநத்தத்தில் எஸ்தர் கேட்ட கேள்வி

பாஸ்டர் அவர்களே, என் தங்கை எஸ்தரைப் பற்றி நீங்கள் சபையில் சொன்னது பொய். அவள் பிள்ளைகளுக்கு இரண்டு கடவுளைச் சொல்லிக்கொடுக்கவில்லை. இரண்டு கடவுளைப் பிரசங்கம் செய்தது நீங்கள். பழைய ஏற்பாட்டில் கோபக்காரக் கடவுள், புதிய ஏற்பாட்டில் அன்பான கடவுள், யூதர் புத்தகம் நமக்கு எதற்கு என்று மைக்கில் கேட்டது நீங்கள். நானே வந்து உட்கார்ந்து கேட்டேன். போனதையும் வந்ததையும் வரிசையாக எழுதுகிறேன்.

சனிக்கிழமை காலை 9.40. விருதுநகரில் சிவகாசி பஸ் ஏறினேன். இருபத்தேழு கிலோமீட்டர், டிக்கெட் இருபத்தைந்து ரூபாய். இது ஒரு பயணமா என்று கேட்பீர்கள். நான் டைல்ஸ் ஒட்டுகிறவன். ஒரு நாள் வேலையை விட்டுவிட்டு எங்கே போனாலும் எனக்கு அது பயணம்தான்.

முந்தின நாள் எஸ்தர் போனில் சொன்னது இதுதான். ஞாயிறு ஆராதனையில் அவள் முன்னால் வந்து, தப்பாகச் சொல்லிக்கொடுத்தேன் என்று மன்னிப்புக் கேட்க வேண்டும். இல்லையென்றால் பதினொரு வருஷமாக அவள் நடத்தும் ஞாயிறு பள்ளி அவளுக்கு இல்லை. திருவிருந்திலும் பங்கு இல்லை.

பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தவர் சிவகாசியில் பேப்பர் வியாபாரம் செய்யும் ஒரு பாய். மடியில் பைபிளை வைத்துப் பக்கம் பக்கமாகப் புரட்டிக்கொண்டிருந்தவனைச் சும்மா விடுவாரா? ஆமத்தூர் தாண்டுவதற்குள் முழுக்கதையையும் வாங்கிவிட்டார். எஸ்தர் அப்படி என்னதான் சொல்லிக்கொடுத்தாள் என்று கேட்டார். சொன்னேன்.

ஏசாயா தீர்க்கதரிசியின் புத்தகத்தில், என்னைத் தவிர வேறே தேவன் இல்லை என்று சொல்லும் ஆண்டவர், எல்லா முழங்காலும் எனக்கு முன்னால் மடங்கும் என்று தன்மேலேயே ஆணையிடுகிறார். பல நூறு வருஷம் கழித்து, பிலிப்பி சபைக்குப் பவுல் எழுதிய கடிதத்தில் அதே முழங்கால்கள் இயேசுவின் பெயருக்கு முன்னால் மடங்குகின்றன. பவுல் யூதர். கர்த்தர் ஒருவரே என்று தினமும் சொல்லி வளர்ந்தவர். அப்படிப்பட்டவர் தெரியாமல் எழுதிவிட்டாரா? தெரிந்தேதான் எழுதினார். இரண்டாவதாக ஒரு கடவுளைக் கொண்டுவந்து பக்கத்தில் வைக்கவில்லை. அந்த ஒரே கடவுளைப் பற்றிச் சொன்ன வார்த்தைக்குள் இயேசுவைச் சேர்த்துச் சொன்னார். பவுலும் இயேசுவின் முதல் சீஷர்களும் மேகங்களோடு வரும் மனுஷகுமாரனைப் பற்றித் தானியேலில் படித்தார்கள். பாடுகிறவர் என் ஆண்டவர் என்று அழைக்கும் ஒருவரிடம், என் வலது பக்கத்தில் உட்கார் என்று கர்த்தர் சொல்வதைச் சங்கீதத்தில் படித்தார்கள். படித்த புத்தகத்தைக் கொண்டுதான் இயேசு யார் என்று புரிந்துகொண்டார்கள். வேறு புத்தகம் அவர்கள் கையில் இல்லை. எஸ்தர் சொன்னது இவ்வளவுதான்.

பாய் பொறுமையாகக் கேட்டார். "அண்ணாச்சி, எங்களுக்கு அவரு நபி. நீங்க சொல்றது எங்களுக்கு ஒப்பாது. யூதங்களுக்கும் ஒப்பாது. அது வேற. ஆனா புஸ்தகத்துல இருக்குறதக் காட்டுன பொம்பளைய வாய மூடச் சொல்றாகளே, அது எந்த ஊரு நியாயம்?" என்றார்.

அவரோடு வாதாடலாம். ஒப்பாது என்று முகத்துக்கு நேரே சொல்கிறார். பாஸ்டர் அவர்களே, உங்களோடு அதுகூட முடியவில்லை. நீங்கள் வீட்டுப் பத்திரத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு வீடு என்னுடையது என்கிறீர்கள்.

காலை 11.15. சிவகாசியில் ஷேர் ஆட்டோ பிடித்து விஸ்வநத்தம். தலைக்கு இருபது ரூபாய். தீபாவளி முடிந்த மாதம் என்பதால் பட்டாசுக் கம்பெனிகள் பூட்டிக் கிடந்தன. எஸ்தரும் பட்டாசுக் கம்பெனிதான். இந்த ஒரு மாதம் மட்டும் அச்சகத்துக்கு வேலைக்குப் போவாள். காலண்டர் சீசன். ஷெட்டுக்குள் நுழைந்தால் மை வாசனை. காலண்டர்க் கட்டுகளுக்கு நடுவில் அவள் உட்கார்ந்து வாக்குத்தத்த அட்டைகளை எண்ணிக் கட்டிக்கொண்டிருந்தாள்.

தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். டிசம்பர் முப்பத்தொன்று ராத்திரி ஆராதனை முடிந்ததும் ஒரு தட்டில் அட்டைகளைக் கவிழ்த்து வைத்து நீட்டுவார்கள். ஆளுக்கு ஒன்று எடுப்போம். அதிலுள்ள வசனம் அந்த வருஷத்துக்குக் கடவுள் நமக்குக் கொடுத்த வாக்கு. வருஷம் முழுக்க பைபிளுக்குள் வைத்திருப்போம். ஆஸ்பத்திரிக்குப் போனாலும் அது கூடவே வரும்.

எஸ்தர் ஒரு கட்டைத் தூக்கி என் மடியில் போட்டாள். "இது யாரு ஆர்டர் தெரியுமாண்ணே? நம்ம பாஸ்டரய்யா ஆர்டரு. பிரிச்சுப் பாருங்க."

மேலே இருந்து ஐம்பது அட்டை எடுத்துப் பார்த்தேன். ஏசாயா, எரேமியா, சங்கீதம், யோசுவா, மறுபடியும் ஏசாயா. நாற்பத்து மூன்று பழைய ஏற்பாடு. யூதர் புத்தகம் நமக்கு எதற்கு என்று கேட்ட நீங்கள், யூதர் புத்தகத்தைத்தான் ஜனங்கள் கையில் கொடுக்க ஆர்டர் போட்டிருக்கிறீர்கள். வழக்கமான வசனங்கள், வருஷா வருஷம் அடிப்பது. எங்கேயிருந்து வருகிறது என்று நீங்கள் பார்க்கவே இல்லை. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

எதிரில் காலண்டரின் மேல்விளிம்புக்குத் தகடு அடித்துக்கொண்டிருந்த மாரியம்மாள், எஸ்தருக்குப் பட்டாசுக் கம்பெனியிலிருந்தே கூட்டாளி, சும்மா இருக்கவில்லை. "எங்க காளியம்மன் கோயில்ல அருள் வந்து நிக்கிற சாமிகிட்டயே நாங்க கேள்வி கேப்போம். உங்க பூசாரிகிட்டக் கேக்கக்கூடாதாக்கும்" என்றாள். ஷெட்டே சிரித்தது. எஸ்தரும் சிரித்தாள். அந்த நாளில் அவள் சிரித்தது அந்த ஒரு தடவைதான்.

மாலையில் வீட்டில் மாப்பிள்ளை, அதாவது எஸ்தரின் கணவர், ஒரே வார்த்தைதானே, சொல்லிவிட்டு வந்துவிடு என்றார். நாளைப்பின்னே மகள் கல்யாணம் அந்தச் சபையில்தான் நடக்க வேண்டும், அடக்கம் என்றாலும் அவர்கள்தான் வர வேண்டும் என்றார். அவர் சொன்னது தப்பில்லை. அந்தப் பயத்தில்தான் உங்களைப் போன்றவர்கள் பிழைப்பே ஓடுகிறது. எஸ்தர் தன் பைபிளிலிருந்து இந்த வருஷத்து அட்டையை எடுத்து வைத்துக்கொண்டாள்.

ஞாயிறு காலை 10 மணி. தகரக் கூரை, நூறு பேர் உட்காரும் ஹால். நீங்கள் முக்கால் மணி நேரம் பேசினீர்கள். கோபக்காரக் கடவுள், அன்பான கடவுள், எல்லாம் மறுபடியும் வந்தது. ஒன்று சொல்கிறேன். இதையேதான் இரண்டாம் நூற்றாண்டில் ரோமாபுரியில் ஒருவன் சொன்னான். சபை அவனை வெளியே அனுப்பியது. நீங்கள் எஸ்தரை வெளியே அனுப்புகிறீர்கள்.

பிறகு அவளை முன்னால் அழைத்து மைக்கைக் கொடுத்தீர்கள். அவள் அட்டையைத் தூக்கிக் காட்டினாள்.  

"அய்யா, இத நீங்கதான் போன டிசம்பர்ல என்கிட்ட நீட்டுனீக. பயப்படாத, நான் ஒன்கூட இருக்கேன்னு இதுல இருக்கு. ஏசாயா. பட்டாசுக் கம்பெனில எங்க ரூமுக்குப் பக்கத்து ரூமு வெடிச்ச அன்னைக்கு இதப் பிடிச்சுக்கிட்டுதான் வெளிய ஓடியாந்தேன். அந்தக் கடவுளு வேற, இயேசு வேறன்னா, அன்னைக்கு என்கூட இருந்தது யாரு? சொல்லுங்க, நான் மன்னிப்புக் கேக்குறேன்."

 நீங்கள் மைக்கை வாங்கிக்கொண்டு, சாத்தானும் வேதத்தைக் காட்டித்தான் இயேசுவைச் சோதித்தான் என்றீர்கள். கீபோர்டுக்காரருக்குக் கையைக் காட்டினீர்கள். பாட்டு ஆரம்பித்துவிட்டது. பாட்டு முடிந்ததும் ஞாயிறு பள்ளி அலமாரிச் சாவியை அவளிடமிருந்து வாங்கிக்கொண்டீர்கள்.

அந்தச் சோதனைக் கதையை நீங்களே சொன்னதால் கேட்கிறேன். வனாந்தரத்தில் இயேசு சாத்தானுக்கு எந்தப் புத்தகத்திலிருந்து பதில் சொன்னார்? மூன்று தடவையும் பழைய ஏற்பாட்டில் இருக்கும் மோசேயின் புத்தகத்திலிருந்து. அவர் தூக்கிப் போடாததை நீங்கள் எப்படித் தூக்கிப் போடுகிறீர்கள்?

மதியம் 3.30. திரும்புகிற பஸ். எஸ்தர் ஸ்டாண்டு வரை வந்தாள். அழுதாயா என்று கேட்டேன். "எதுக்கு? நான் கேட்டது அங்கனயே கெடக்கு. அவுகதான் அதத் தாண்டித் தாண்டிப் போகணும்" என்றாள்.

திருத்தங்கல் வருவதற்குள் என் ஊர்ச் சபை ஞாபகம் வந்தது. நாங்களும் வருஷா வருஷம் அட்டை எடுக்கிறோம். எங்கள் ஹாலில் பளபளவென்று டைல்ஸ், நான் ஒட்டியதுதான். முழங்கால் தேய அதை ஒட்டினேன், அதே முழங்காலில் ஜெபம் பண்ணினேன். அந்த வாக்கை முதலில் யார், யாருக்குச் சொன்னார் என்று ஒரு நாளும் கேட்டதில்லை. பட்டாசு மருந்து பட்ட கையோடு ஒருத்தி கேட்டுவிட்டாள்.

பாஸ்டர் அவர்களே, டிசம்பர் முப்பத்தொன்று வரப்போகிறது. உங்கள் அட்டைகள் தயார், எஸ்தர் எண்ணிக் கட்டியவை. தட்டை நீட்டுவதற்கு முன்னால், அதே ஹாலில், அதே மைக்கில், ஏசாயாவையும் பிலிப்பியர் கடிதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் திறந்து வைத்து, அவளை எதிரில் நிற்கவைத்துப் பதில் சொல்லுங்கள். கீபோர்டு வேண்டாம். அன்றைக்கு அவளோடு கூட இருந்தது யார்?