கொடிக்கு முதுகு காட்டியவர்கள்

ஆவணப்படம் எடுக்கும் ஜீவானந்தத்துக்கு வாழ்க்கையில் ஒரே ஒரு கொள்கைதான். கேமராவை வை, வாயை மூடு. யாரையும் நடிக்கச் சொல்லாதே.

எல்லையும் வேண்டாம், ராணுவமும் வேண்டாம். தேசம் எதுவென்று சென்னைக் கீழ்க்கட்டளையில் தன் குடியிருப்பின் கொடிக்கம்பத்தடியிலேயே காட்டிவிடலாம் என்று நம்பினார். ஆறு வருடமாக ஒவ்வொரு ஆகஸ்ட் பதினைந்தும் அதே இடத்தில் கேமராவை ஊன்றி, அதே நாற்பது பேரை எடுத்தார். கொட்டாவி, லுங்கி, மிட்டாய்க்குத் தள்ளுமுள்ளு எல்லாம் பதிவாயிற்று. ஏழாவது வருடத்தோடு படம் முடிகிறது. அது எந்தத் திரைப்பட விழாவிலும் தேறாவிட்டால் இனிக் கல்யாண வீடியோ மட்டும்தான் என்று, பள்ளி ஆசிரியையான மனைவி ரோஸிக்குச் சத்தியம் செய்திருந்தார்.

விஷயம் குடியிருப்போர் சங்கச் செயலாளர் தோத்தாத்ரி காதுக்கு எட்டிவிட்டது.

"ஜீவா சார், ஃபாரின்ல எல்லாம் பாப்பாங்களாமே! நம்ம காலனி மானமே உங்க கையிலதான்."

"எப்பவும் போல இருங்க சார், அது போதும்."

"ஆறு வருஷம் லுங்கியில நின்னது போதாதா சார்?"

ஏழாவது ஆகஸ்ட் பதினைந்தன்று காலை பெண்கள் பட்டிலும் ஆண்கள் வெள்ளை வேட்டியிலும் வரிசை கட்டினார்கள். துப்புரவு வேலை செய்யும் தனக்கோடி கயிற்றை இழுக்க, கொடி விரிந்து பூ கொட்டியது. நாற்பது பேரும் விறைப்பாகச் சல்யூட் அடித்தார்கள், கேமராவுக்கு. கொடி அவர்கள் முதுகுக்குப் பின்னால் தனியாகப் பறந்துகொண்டிருந்தது.

"இன்னா சார், கொடி இங்க கீது, அல்லாரும் அங்க பாத்துகினு கீறீங்க?" என்றாள் தனக்கோடி.

"சும்மா இரும்மா, கேமரா அங்கதான் இருக்கு" என்று அதட்டிய தோத்தாத்ரி, தேசிய கீதத்துக்குத் தொண்டையைச் செருமினார்.

ஜீவானந்தம் கேமராவிலிருந்து தலையை எடுத்தார். பேசினால் கொள்கை சாகும். பேசாவிட்டால்?

"திரும்புங்க சார்! எல்லாரும் கொடியைப் பாருங்க!"

நாற்பது பேரும் திரும்பினார்கள். கேமராவில் நாற்பது முதுகுகள் பதிந்தன.

மூன்று மாதம் கழித்து, படத்தை அனுப்பியிருந்த விழாவிலிருந்து கடிதம் வந்தது. படம் தேர்வாகிவிட்டது. 'மௌனத்தில் ஒரு தேசமே நமக்கு முதுகு காட்டித் திரும்பும் அந்தக் கடைசிக் காட்சி! ஏழாண்டுகள் எதிலும் தலையிடாத இயக்குநரின் நேர்மை!' என்று நடுவர்கள் உருகியிருந்தார்கள். காட்சி அமைந்த விதம் பற்றி மூன்று வரி எழுதித் தரவும் கேட்டிருந்தார்கள்.

ரோஸி உரக்கப் படித்துவிட்டு நிமிர்ந்தாள். "நீங்க கத்தினது எதிர் பிளாக் வரைக்கும் கேட்டுச்சே. படத்துல எங்க?"

"அந்த ஒரு நிமிஷச் சத்தத்தை வெட்டி எடுத்துட்டேன்."

"அப்போ தனக்கோடி பேசினது?"

"அதுவும் போயிடுச்சு."

"அவ ஒருத்திதாங்க கொடியைப் பாத்துட்டு நின்னா."

மூன்று வரிக்கு அவருக்கு மூன்று நாள் ஆயிற்று. 'யாரும் எதையும் சொல்லவில்லை. எல்லாம் தானாக நடந்தது. நான் வெறும் சாட்சி' என்று எழுதி அனுப்பினார்.

ரோஸி அதைப் படித்துவிட்டு வாழ்த்துச் சொன்னாள். கேசரி கிளறவும் போனாள். வாணலியில் ரவை வறுக்கும் கரண்டியின் சத்தம் அன்று கொஞ்சம் பலமாகவே கேட்டது.